ஜாமீன் மனுக்கள்: நடுவர் நீதிமன்றத்தில் நாட்கள் எங்கே போகின்றன?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம்.

குற்ற வழக்கில் கைதான ஒருவர் ஜாமீனில் வெளியே வர வாரக்கணக்கில் ஆனால், சட்டம் கடுமை, நீதிமன்றத்தில் கூட்டம் என்று இரண்டு காரணங்கள் சொல்லப்படும். கொலை, போதைப்பொருள் போன்ற வழக்குகளுக்கு அது ஓரளவு பொருந்தலாம். நீதித்துறை நடுவர்கள் அன்றாடம் பார்க்கும் திருட்டு, அடிதடி, மோசடி வழக்குகளுக்கு அது பொருந்தாது. அங்கே நாட்கள் கரைவது வேறு இடங்களில்: மனுவுக்கு எண் போடும் மேசையில், காவல் நிலையத்திலிருந்து வர வேண்டிய கவுண்டருக்காக (ஜாமீன் மனுவுக்கு அரசுத் தரப்பு தரும் எழுத்துப் பதில்), ஜாமீன்தாரரின் காகிதங்களைச் சரிபார்ப்பதில், கடைசியாகச் சிறைக்குப் போகும் விடுதலை உத்தரவில். இந்த நான்கில் எதைச் சீர்செய்யவும் புதுச் சட்டம் தேவையில்லை.

நடுவர் நீதிமன்றங்களில் சாதாரணமாக நடக்கிற ஒரு வரிசையைப் பாருங்கள். முதல் குற்றம், இருசக்கர வாகனத் திருட்டு என்று வைத்துக்கொள்வோம். வெள்ளி இரவு கைது, சனிக்கிழமை பொறுப்பு நடுவரின் வீட்டில் ரிமாண்ட், அதாவது காவலில் வைக்கும் உத்தரவு. திங்களன்று ஜாமீன் மனு தாக்கலாகிறது. செவ்வாயன்று ஏதோ ஒரு குறைக்காக மனு திரும்பி வருகிறது. புதன்கிழமை மறுபடி கொடுத்து எண் வாங்கியாகிறது. அரசுத் தரப்புப் பதிலுக்காக வெள்ளிக்கிழமைக்கு வாய்தா. வெள்ளியன்று காவல் நிலையத்தில் எல்லோரும் பந்தோபஸ்துக்குப் போய்விட்டதால் திங்களுக்கு இன்னொரு வாய்தா. திங்களன்று வாதம் பத்து நிமிடம். செவ்வாயன்று ஜாமீன் உத்தரவு. வியாழனன்று ஜாமீன்தாரர்கள் வருகிறார்கள். சொத்துச் சான்றைக் கிராம நிர்வாக அலுவலரிடம் சரிபார்க்கச் சொல்லி அனுப்பப்படுகிறது. அடுத்த திங்களன்று ஜாமீன்தாரர் ஏற்கப்படுகிறார். உத்தரவு சிறைக்குப் போய்ச் சேரும்போது மாலைக் கணக்கெடுப்பு முடிந்து அறைகள் பூட்டியாகிவிட்டது. செவ்வாய்க்கிழமை காலையில் ஆள் வெளியே வருகிறார். ரிமாண்டிலிருந்து 17 நாள்.

இதில் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. ஜாமீன் மனுக்களை இரண்டு வாரத்துக்குள் முடிக்க வேண்டும் என்று சதேந்தர் குமார் அண்டில் வழக்கில் 2022 ஜூலை 11 அன்று உச்ச நீதிமன்றம் சொன்னது. மேலே சொன்ன மனு திங்களன்று தாக்கலாகி அடுத்த வாரச் செவ்வாயில் முடிந்துவிட்டது; எட்டே நாள். பதிவேட்டைப் பார்ப்பவருக்கு அது காலத்தோடு முடிந்த மனு. உத்தரவுக்குப் பிறகு உள்ளே இருந்த ஒரு வாரம் எந்தப் பதிவேட்டிலும் தாமதமாக ஏறாது. இரண்டு வாரம் என்பது வெளி எல்லை. அதையே வழக்கமான அளவாக எடுத்துக்கொண்டதும், தாக்கல் முதல் உத்தரவு வரை மட்டும் கணக்குப் பார்ப்பதும்தான் கோளாறு. கணக்கு ரிமாண்ட் நாளில் தொடங்கி, சிறையை விட்டு வெளியே வரும் நாளில் முடிய வேண்டும்.

தேசியக் குற்ற ஆவணக் காப்பகத்தின் 2022-ஆம் ஆண்டுச் சிறைப் புள்ளிவிவரப்படி நாட்டின் சிறைகளில் இருந்த 5,73,220 பேரில் 4,34,302 பேர் விசாரணைக் கைதிகள். நான்கில் மூன்று பேர். இவர்களில் பெரும்பாலோரை முதன்முதலில் காவலுக்கு அனுப்பியது ஒரு நடுவரின் கையெழுத்து என்பதால் கடிதத்தை அங்கிருந்தே தொடங்குகிறோம்.

ரிமாண்ட் என்பதே முதல் ஜாமீன் விசாரணை. ஏழு ஆண்டு வரை தண்டனை உள்ள குற்றங்களில் கைது ஏன் அவசியம் என்பதற்குக் காவல்துறை காரணம் எழுத வேண்டும். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 41, அதன் இடத்தில் வந்த இப்போதைய பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 35-ஆவது பிரிவு அதைத்தான் சொல்கிறது. அந்தக் காரணங்களைச் சரிபார்ப்புப் பட்டியலாக நடுவர் முன் வைக்க வேண்டும் என்றும், இயந்திரத்தனமாகக் காவலில் வைக்க அனுமதிக்கும் நடுவர்மீது துறை நடவடிக்கை எடுக்கலாம் என்றும் 2014-இல் ஆர்னேஷ் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. இந்தப் பிரிவை மீறிய கைது என்றால் கைதானவருக்கு ஜாமீன் பெறும் உரிமையே உண்டு என்று 2022 தீர்ப்பு ஒரு படி மேலே போனது. ஆனால் நடைமுறையில் அந்தப் பட்டியல் அச்சடித்த தாள். 'சாட்சிகளைக் கலைக்கக்கூடும்', 'தலைமறைவாகக்கூடும்' என எல்லாக் கட்டத்திலும் டிக் போட்டிருக்கும். எந்தச் சாட்சி, ஏன் கலைப்பார் என்று ஒரு வரி இருக்காது. நடுவர் அந்த ஒரு வரியைக் கேட்டாலே பல வழக்குகளில் ஜாமீன் மனுவுக்கே வேலை இல்லாமல் போகும். கைதுக்கான காரணத்தைக் கைதானவருக்குத் தெரிவித்தார்களா என்பதையும் அப்போதே கேட்க வேண்டும். தெரிவிக்கவில்லை என்றால் கைதே செல்லாது என்று 2025 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் மறுபடியும் உறுதி செய்திருக்கிறது.

அடுத்தது எண் போடும் மேசை. ஜாமீன் மனு திரும்பி வருவதற்குச் சொல்லப்படும் காரணங்கள் அநேகமாக இவை: முதல் தகவல் அறிக்கையின் நகல் இல்லை, வக்காலத்தில் (வழக்கறிஞரை நியமிக்கும் பத்திரம்) சிறை அலுவலரின் சான்றொப்பம் இல்லை, பிரிவு எண் பொருந்தவில்லை, இதற்கு முன் மனு போட்டதுண்டா என்ற பத்தி விடுபட்டிருக்கிறது. கடைசிக் காரணம் நியாயம். ஒரே நேரத்தில் இரண்டு நீதிமன்றங்களில் மனு ஓடுவதைத் தடுக்க அது வேண்டும். முதல் காரணம் விந்தையானது. முதல் தகவல் அறிக்கை முதலில் போய்ச் சேர்வதே அந்த நடுவருக்குத்தான். ரிமாண்ட் காகிதங்களோடு சேர்த்து அதே அலுவலகத்தில் அது இருக்கிறது. பாலியல் குற்றம் போன்ற நுண்ணிய வழக்குகள் நீங்கலாக, 24 மணி நேரத்துக்குள் அதை இணையத்தில் ஏற்ற வேண்டும் என்று 2016-லேயே உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டிருக்கிறது. தன் கையிலேயே உள்ள காகிதத்தைக் கேட்டு மனுவைத் திருப்புவதில் ஒரு நாளாவது போகிறது.

வக்காலத்து விஷயம் சற்றுச் சிக்கல். உள்ளே இருப்பவரின் கையெழுத்தை வாங்கச் சிறைக்குப் போய், அதிகாரியின் ஒப்பம் பெற்றுத் திரும்ப அரை நாள் ஆகும். ரிமாண்டின்போதே, நடுவர் முன்னிலையிலேயே வக்காலத்தில் கையெழுத்து வாங்க அனுமதித்தால் அது மிச்சம். பல நடுவர்கள் அனுமதிக்கவும் செய்கிறார்கள். அனுமதிக்காத இடங்களில் உறவினர் கையெழுத்திட்ட மனுவை எடுத்துக்கொண்டு, வக்காலத்தைப் பிறகு தாக்கல் செய்யச் சொல்லலாம். எந்தக் குறையானாலும் அத்தனையையும் ஒரே தடவையில் எழுதித் திருப்ப வேண்டும். இன்று ஒன்று, நாளை ஒன்று என்று திருப்புவதை அலுவலகம் வேண்டுமென்று செய்வதாக நாங்கள் சொல்லவில்லை. முதல் குறை கண்ணில் பட்டதும் மேலே படிப்பதை நிறுத்திவிடுகிறார்கள், அவ்வளவுதான்.

கவுண்டர் விவகாரத்தைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். வாய்தா அதிகம் விழுவது இதில்தான். 'அரசுத் தரப்பைக் கேட்காமல் ஜாமீன் கொடுக்க முடியாது' என்பது நீதிமன்ற வளாகங்களில் ஊறிப்போன நம்பிக்கை. சட்டத்தில் இருப்பது வேறு. நடுவரின் ஜாமீன் அதிகாரத்தைச் சொல்லும் 480-ஆவது பிரிவின்படி (பழைய 437), மரண தண்டனை, ஆயுள் அல்லது ஏழு ஆண்டும் அதற்கு மேலும் தண்டனை உள்ள குற்றங்களில்தான் அரசு வழக்குரைஞருக்கு வாய்ப்பளிப்பது கட்டாயம். மூன்று ஆண்டு வரை தண்டனை உள்ள சாதாரணத் திருட்டில் அந்தக் கட்டாயம் இல்லை. கேட்பது நல்ல பழக்கம்; மறுக்கவில்லை. ஆனால் கேட்பது என்றால் எழுத்து மூலமான கவுண்டர் வரும்வரை காத்திருப்பது என்று ஆகிவிட்டது. கட்டாயம் உள்ள வழக்குகளில்கூடச் சட்டம் சொல்வது வாய்ப்புக் கொடுப்பதைத்தான். மனுவின் நகல் அரசு உதவி வழக்குரைஞருக்குப் போய், அடுத்த வேலை நாளில் வழக்கு அழைக்கப்பட்டால் வாய்ப்புக் கொடுத்தாயிற்று. அவர் வாய்மொழியாகச் சொல்வதை நடுவர் குறித்துக்கொள்ளலாம்.

தாமதம் எப்படி விழுகிறது என்பதும் தெரிந்ததே. அரசு உதவி வழக்குரைஞர் தானாகப் பதில் எழுத முடியாது; நிலையத்திலிருந்து விவரம் வர வேண்டும். அதைக் கொண்டு வருபவர் கோர்ட் டியூட்டிக் காவலர். அவர் சம்மன், பிடியாணை, சாட்சி அழைப்பு என்று பத்து வேலைக்கு நடுவே ஆய்வாளரின் கையெழுத்துக்காகக் காத்திருப்பார். ஆய்வாளர் வெளியூர் போயிருந்தால் கவுண்டர் வராது. வருகிற கவுண்டரிலும் மூன்று வரிதான் இருக்கும்: புலன் விசாரணை நிலுவையில் உள்ளது, முன் வழக்குகள் உள்ளன, வெளியே விட்டால் சாட்சிகளை மிரட்டுவார். இந்த மூன்று வரிக்காகவா ஐந்து நாள்?

உருப்படியான ஆட்சேபம் என்றால் அதில் இருக்க வேண்டியவை வேறு. முன் வழக்கு உண்டு என்றால் குற்ற எண், காவல் நிலையம், பிரிவு, இப்போதைய நிலை நான்கும் வேண்டும். விடுதலையாகிப் போன வழக்கையும் எண்ணிக்கையில் சேர்ப்பது சகஜமாக நடக்கிறது. அடிதடி வழக்குகளில் வழக்கமாகச் சொல்லப்படும் ஆட்சேபம், 'காயம்பட்டவர் இன்னும் மருத்துவமனையில் இருக்கிறார்' என்பது. அவர் இரண்டு நாள் முன்பே வீடு திரும்பியிருப்பார். நிலையத்தில் இருப்பதோ முதல் நாளின் ஏ.ஆர். காப்பி (மருத்துவமனையின் விபத்துப் பதிவேட்டு நகல்) மட்டும். அன்றைய தேதியில் அவர் உள்நோயாளிதானா என்பதற்கு மருத்துவமனையின் குறிப்பு ஒன்றைக் கேட்டாலே விவகாரம் முடிந்துவிடும். திருட்டு வழக்கில் பொருள் மீட்கப்பட்டதா, கூட்டாளி யாராவது பிடிபடாமல் இருக்கிறாரா. மோசடி வழக்கில் ஆவணங்கள் கைப்பற்றப்பட்டனவா. நடுவருக்குத் தேவை இவ்வளவே. இதையெல்லாம் கேட்கும் ஒரு பக்கப் படிவத்தை நிலையங்களுக்குக் கொடுத்து, ரிமாண்ட் அறிக்கையோடு சேர்த்தே நிரப்பி வாங்கிவிட்டால் பெரும்பாலான வழக்குகளில் கவுண்டருக்கென்று வாய்தாவே தேவைப்படாது.

'போலீஸ் காவல் கேட்டு மனு போடப் போகிறோம், அதுவரை ஜாமீன் வேண்டாம்' என்ற ஆட்சேபம் இப்போது கூடியிருக்கிறது. 15 நாள் போலீஸ் காவலை முதல் 40 அல்லது 60 நாட்களுக்குள் பிரித்துப் பிரித்தும் எடுக்கலாம் என்று 2024 ஜூலை 1 முதல் அமலுக்கு வந்த சட்டம் சொல்வதால் வந்த வினை. அதே சட்டத்தின் 480-ஆவது பிரிவிலேயே இதற்கு விடையும் இருக்கிறது: அடையாளம் காட்டுவதற்கோ, முதல் 15 நாளுக்குப் பிறகான போலீஸ் காவலுக்கோ ஆள் தேவைப்படலாம் என்பது மட்டுமே ஜாமீனை மறுக்கப் போதுமான காரணமாகாது, நீதிமன்றத்தின் கட்டளைக்குக் கட்டுப்படுவதாக அவர் உறுதி கொடுத்தால் போதும். இந்த வாசகத்தை வாதத்தில் எடுத்துக்காட்டும் வழக்கறிஞர்கள் குறைவு என்பதையும் ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும்.

மனு தள்ளுபடியானால் அதுவும் உடனே ஆக வேண்டும். காரணத்தோடு தள்ளுபடி செய்யப்பட்ட மனுவைக் கையில் வைத்துக்கொண்டு மறுநாளே அமர்வு நீதிமன்றத்துக்குப் போகலாம். வாய்தாவில் தொங்கும் மனுவை வைத்து எதுவும் செய்ய முடியாது. கொடுப்பதா மறுப்பதா என்று தயங்கும் நடுவர் கவுண்டர் வரட்டும் என்று தள்ளிப்போடுவது, மறுப்பதைவிட மோசமான மறுப்பு. நகலும் அப்படித்தான். சான்றிட்ட நகலுக்கு மனு போட்டு, முத்திரை கட்டி, தட்டச்சாகி வர இன்னும் சில நாட்கள். உத்தரவை அன்று மாலையே நீதிமன்ற இணையதளத்தில் ஏற்றி, அந்தப் பிரதியையே அமர்வு நீதிமன்றம் ஏற்றுக்கொண்டால் நகல் பிரிவுக்கும் பாரம் குறையும்.

நடுவர்களின் பொறுப்பு மிகக் கூர்மையாகத் தெரிவது கட்டாய ஜாமீனில். பத்து ஆண்டும் அதற்கு மேலும் தண்டனை உள்ள குற்றங்களில் 90 நாள், மற்றவற்றில் 60 நாளுக்குள் குற்றப்பத்திரிகை வராவிட்டால் ஜாமீன் உரிமையாகிவிடுகிறது. கணக்கு கைதான நாளிலிருந்து இல்லை, ரிமாண்ட் நாளிலிருந்து; ரிமாண்ட் நாளையும் சேர்த்தே எண்ண வேண்டும் என்று 2023 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. ஜூன் 1 அன்று ரிமாண்ட் என்றால் 60-ஆவது நாள் ஜூலை 30. ஜூலை 31 காலையில் மனு வந்துவிட்டால், அன்று மாலை நான்கு மணிக்குக் குற்றப்பத்திரிகை வந்தாலும் உரிமை போகாது. ஆகவே தாக்கல் நேரம் இங்கே உயிர்நாடி. மனுவை ஏதாவது குறை சொல்லித் திருப்பிவிட்டு, மறுநாள் அது திரும்பி வருவதற்குள் குற்றப்பத்திரிகையை வாங்கி வைத்துக்கொள்வதுதான் இதில் நடக்கும் அநியாயம். மனுவின் முதல் பக்கத்தில் தேதியோடு மணியையும் குறிப்பது, குற்றப்பத்திரிகைக்கும் அதையே செய்வது என்ற இரண்டு முத்திரை போதும், இந்தச் சண்டை ஓய்ந்துவிடும். எழுத்து மனுகூட வேண்டாம், வாய்மொழியாகக் கேட்டாலே போதும் என்று 2017-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. இப்படிப்பட்ட ஜாமீனில் வழக்கின் தன்மையைப் பார்க்கவும் கூடாது, பணம் கட்டச் சொல்லவும் கூடாது. தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில் எட்டு லட்ச ரூபாய் கட்டச் சொன்ன நிபந்தனையை 2020 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் நீக்கியது.

15 நாளுக்கு ஒருமுறை காணொளியில் காவல் நீட்டிக்கும்போது நடுவர் மூன்று கேள்வி கேட்டால் இதெல்லாம் தானாகச் சரியாகும். வழக்கறிஞர் இருக்கிறாரா? ஜாமீன் உத்தரவு வந்தும் உள்ளே இருக்கிறாரா? இன்றோடு எத்தனையாவது நாள்? வழக்கறிஞர் இல்லை என்றால் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்கு அன்றே ஒரு மின்னஞ்சல். வெளியில் இருக்கும் குடும்பத்தார் 15100 என்ற எண்ணில் சட்ட உதவி கேட்கலாம். இப்போது நடப்பதோ, கைதிகளின் வரிசை திரையில் தெரிகிறது, பெயர் கூப்பிடப்படுகிறது, கை உயர்கிறது, அடுத்த தேதி சொல்லப்படுகிறது.

உத்தரவு கிடைத்த பிறகுதான் ஏழைகளின் பாடு தொடங்குகிறது. நம் ஊர் ஜாமீன் உத்தரவுகளில் வரும் வாசகம் ஏறத்தாழ ஒன்றேதான்: தலா பத்தாயிரம் ரூபாய்க்கு இரண்டு ஜாமீன்தாரர், அதில் ஒருவர் ரத்த உறவினர், புகைப்படமும் இடது பெருவிரல் ரேகையும், ஆதார் அல்லது வங்கிப் புத்தக நகல். இவ்வளவோடு நின்றால் தேவலை. உத்தரவில் இல்லாத காகிதங்கள் கீழே மேசையில் சேர்ந்துகொள்கின்றன: வீட்டு வரி ரசீது, வாகனத்தின் ஆர்.சி. புத்தகம், பட்டா, கிராம நிர்வாக அலுவலரின் சான்று, உள்ளூர்க்காரராக இருக்க வேண்டும் என்ற நிபந்தனை. வாடகை வீட்டில் இருக்கும் கூலித் தொழிலாளியின் அண்ணன் பெயரில் வீட்டு வரி ரசீது எங்கிருந்து வரும்? அந்தக் குடும்பம் கடைசியில் போய்ச் சேருவது நீதிமன்ற வாசலில் நிற்கும் வாடகை ஜாமீன்தாரரிடம். கடுமையான சரிபார்ப்பு நம்பகமான உறவினரை வடிகட்டிவிட்டு, காகிதம் தயாராக வைத்திருக்கும் தொழில்முறை ஆளை உள்ளே விடுகிறது.

சட்டத்தைப் படித்தால் இந்தச் சரிபார்ப்பு எதுவும் அதில் இல்லை. ஜாமீன்தாரர் தகுதியானவர்தானா என்பதற்கு அவருடைய பிரமாணப் பத்திரத்தை ஏற்கலாம். தேவைப்பட்டால் நீதிமன்றமே விசாரிக்கலாம் அல்லது தனக்குக் கீழுள்ள நடுவரை விசாரிக்கச் சொல்லலாம் என்கிறது 485-ஆவது பிரிவு. கிராம நிர்வாக அலுவலரோ காவல் நிலையமோ அதில் வரவில்லை. இதுவரை எத்தனை பேருக்கு ஜாமீன் நின்றிருக்கிறார் என்று அவர் உறுதிமொழி தர வேண்டும் என்கிறது 486. வாடகை ஆளைக் கண்டுபிடிக்க அது போதும், ஒழுங்காகக் கணினியில் பதிந்து தேடிப் பார்த்தால். ஜாமீன் தொகை வழக்கின் சூழ்நிலைக்கு ஏற்றதாக, மிகையாகாமல் இருக்க வேண்டும் என்கிறது 484. ஜாமீன்தாரரே கிடைக்காதவர் பணமாகக் கட்ட 490 இடம் தருகிறது. சொந்தப் பிணைப் பத்திரத்தில் விடவும் நடுவருக்கு அதிகாரம் உண்டு. ஜாமீனில் விடத்தக்க குற்றமானால், கைதான ஒரு வாரத்துக்குள் ஜாமீன் தர முடியாதவரை வசதியற்றவர் என்றே கொண்டு சொந்தப் பிணையில் விட வேண்டும்.

வெளி மாவட்டத்து ஜாமீன்தாரரை மறுப்பது 1978-லேயே முடிந்துபோன சங்கதி. கொத்தனார் ஒருவருக்குப் பத்தாயிரம் ரூபாய் ஜாமீன் கேட்டு, அவருடைய சகோதரரின் சொத்து வேறு மாவட்டத்தில் இருக்கிறது என்று மறுத்த உத்தரவை நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் தள்ளினார். அந்தப் பழக்கம் இன்றும் போகவில்லை என்பதற்கு 2024 ஆகஸ்டில் வந்த தீர்ப்பு சாட்சி: 13 வழக்குகளில் ஜாமீன் உத்தரவு பெற்றும், வழக்குக்கு வழக்கு தனித்தனி ஜாமீன்தாரர் கிடைக்காமல் சிறையிலேயே இருந்த ஒருவருக்கு, ஒரு மாநிலத்தின் வழக்குகள் அனைத்துக்கும் அதே ஜாமீன்தாரர்கள் போதும் என்று உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. ஒரே ஆள்மீது நான்கைந்து திருட்டு வழக்குகள் போடப்படும் நம் ஊரில் இந்தத் தீர்ப்பு தினமும் பயன்பட வேண்டியது.

2023 ஜனவரி 31 அன்று வந்த உச்ச நீதிமன்ற உத்தரவு இன்னும் தெளிவானது. ஜாமீன் உத்தரவை அன்றோ மறுநாளோ மின்னஞ்சலில் சிறைக் கண்காணிப்பாளர் வழியாகக் கைதிக்கு அனுப்ப வேண்டும். ஏழு நாளில் வெளியே போகாவிட்டால் கண்காணிப்பாளர் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் செயலருக்குச் சொல்ல வேண்டும். ஒரு மாதத்தில் ஜாமீன் கொடுக்க முடியாவிட்டால் நீதிமன்றம் தானே முன்வந்து நிபந்தனையைத் தளர்த்துவது பற்றிப் பார்க்கலாம். எங்கள் கருத்தில் ஒரு மாதமே அதிகம். திருட்டு வழக்கில் ஜாமீன் கொடுத்த நடுவர் ஏழாம் நாளிலேயே ஒரு பார்வை பார்க்கலாம். அதற்கு மனு எதுவும் தேவையில்லை.

சிறை வாசலில் நடப்பது எழுத்துப் பிழைகளின் கதை. ரிமாண்ட் வாரண்டில் முருகன், விடுதலை உத்தரவில் முருகேசன். ஒன்றில் தந்தை பெயர் முழுதாக, மற்றதில் தலைப்பெழுத்து. விசாரணைக்கு நடுவே பிரிவு மாற்றப்பட்டிருக்கும்; புதுப் பிரிவு வாரண்டில் ஏறியிருக்காது. சிறை அலுவலர் உத்தரவைத் திருப்பி அனுப்புவார், அவரைக் குறை சொல்ல முடியாது. தவறான ஆளை விட்டால் அவர் வேலைக்கு ஆபத்து. விடுதலை உத்தரவை ஜாமீன் மனுவைப் பார்த்துத் தட்டச்சு செய்யாமல், ரிமாண்ட் வாரண்டைப் பார்த்துத் தட்டச்சு செய்தால் இதில் பெரும்பகுதி நிற்கும். வேறு வழக்கில் பி.டி. வாரண்ட் (சிறையில் இருப்பவரை அந்த வழக்கில் ஆஜர்படுத்தச் சொல்லும் ஆணை) இருந்தால் அதை ஜாமீன்தாரர் கையெழுத்திட்ட பிறகு சொல்லாமல், ஜாமீன் உத்தரவின் மின்னஞ்சல் வந்த அன்றே சிறை தெரிவிக்க வேண்டும். ஜாமீன்தாரர்களை மாலையில் மட்டும் பார்ப்பது என்ற வழக்கத்தையும் விட வேண்டும். பன்னிரண்டு மணிக்கு ஏற்றால் மாலை பூட்டும் நேரத்துக்குள் உத்தரவு போய்விடும். ஐந்து மணிக்கு ஏற்றால் இன்னொரு இரவு உள்ளே.

நடுவர்களின் தயக்கத்துக்கும் காரணம் உண்டு. ஜாமீன் கொடுத்தால் குறிவைக்கப்படுவோமோ என்ற அச்சம் கீழமை நீதிபதிகளிடம் இருப்பதாக 2022-இல் அப்போதைய தலைமை நீதிபதி டி.ஒய். சந்திரசூட் வெளிப்படையாகவே சொன்னார். மறுத்த உத்தரவுக்காக யாரும் விளக்கம் கேட்பதில்லை. கொடுத்த உத்தரவுக்காக மொட்டைக் கடிதம் வரும். இதை நடுவர்கள் தனியாகத் தீர்க்க முடியாது. உத்தரவு சரியா தவறா என்பதை மேல் நீதிமன்றம் மேல் விசாரணையில் பார்க்கட்டும், நிர்வாகத்தில் பார்க்க வேண்டாம் என்று முதன்மை மாவட்ட நீதிபதிகள் சொல்லிவைப்பது உதவும். விடுப்பில் இருக்கும் நடுவருக்குப் பதிலாக வரும் பொறுப்பு நடுவர், 'ரெகுலர் வரட்டும்' என்று ஜாமீன் மனுக்களைத் தொடாமல் விடுவதும் இந்த அச்சத்தின் இன்னொரு முகம்.

வேகமாக முடிப்பது என்றால் எல்லோரையும் விட்டுவிடுவது என்று பொருள் கொள்ள வேண்டாம். மனைவியை அடித்துவிட்டுக் கைதானவர் அதே வீட்டுக்குத் திரும்பப் போகிறாரா, கந்துவட்டிக்காரர் அதே தெருவில்தான் இருக்கிறாரா என்பதையெல்லாம் நடுவர் கேட்டே ஆக வேண்டும். புகார்தாரரை மறுநாளே வரச் சொல்லிக் கேட்பதும் அந்த வேகத்தில் சேர்ந்ததுதான். இழுத்தடிப்பதால் அவருக்கும் பாதுகாப்பு கிடைப்பதில்லை; என்றைக்கு வெளியே வருவார் என்று தெரியாமல் அவரும் நீதிமன்றத்துக்கு அலைகிறார்.

கடைசியாக நிபந்தனைகள். 'மறு உத்தரவு வரும்வரை தினமும் காலை 10.30 மணிக்குக் காவல் நிலையத்தில் கையெழுத்திட வேண்டும்' என்பது உத்தரவுகளில் பழகிப்போன வரி. பத்தரை மணி என்பது எந்தக் கூலி வேலைக்கும் நடு நேரம். நிலையத்தில் எழுத்தர் வரும்வரை காத்திருந்து கையெழுத்துப் போட்டால் பதினொன்றரை. அன்றைய வேலை போயிற்று. இரண்டு வாரம் கழித்து நிபந்தனையைத் தளர்த்தக் கோரி அவர் இன்னொரு மனு போடுகிறார். அதற்கும் எண், கவுண்டர், வாய்தா. நடுவரின் மேசையில் ஜாமீன் தொடர்பாகக் குவியும் மனுக்களில் கணிசமானவை இப்படி அந்த ஒரு வரியால் பிறந்தவை. கையெழுத்து உண்மையிலேயே தேவைப்படும் வழக்கில் 'இரண்டு வாரத்துக்கு, மாலை ஆறு மணிக்கு' என்றோ, 'குற்றப்பத்திரிகை தாக்கலாகும்வரை, ஞாயிறுதோறும்' என்றோ எழுதினால் போதும். முடிவுத் தேதியோடு எழுதிய நிபந்தனையைத் தளர்த்த யாரும் மனு போட வேண்டியதில்லை. அந்தத் தேதியில் அது தானாகவே முடிந்துவிடும்.

இப்படிக்கு,
நடுவர் நீதிமன்றங்களில் குற்ற வழக்குகள் நடத்தும் வழக்கறிஞர்கள் சிலர்